பெயர் எழுதிய கசெற்

பிள்ளைகளே,

சென்ற கிழமை பள்ளிக்கூடத்திலிருந்து நீங்கள் இருவரும் ஆளுக்கொரு படிவம் கொண்டுவந்தீர்கள். 'தந்தையின் தொழில்' என்ற இடத்தில் மூத்தவள் 'கடற்றொழில்' என்று எழுதியிருந்தாள். சின்னவன் 'இசையமைப்பாளர்' என்று எழுதியிருந்தான். இரண்டையும் பார்த்த உங்கள் அம்மா, "ஒரே தகப்பனுக்கு ரெண்டு தொழில் எழுதினால் விசாரிக்க வருவினம். ரெண்டையும் வெட்டிப்போட்டுக் கூலி எண்டு எழுதுங்கோ. கூலியை ஒருத்தரும் கேள்வி கேக்கிறேல்ல" என்றா.

அம்மா பகிடிக்குச் சொல்லவில்லை. எந்தத் தாளிலும் இரண்டு விதமாக எழுதக்கூடாது என்பது இந்தத் தீவில் நாங்கள் பட்டுப் படித்த பாடம். ஆனால் இரண்டும் உண்மை. அதனால் இதை எழுதுகிறேன். நான் ஒன்பதாம் வகுப்போடு நின்றவன். எழுத்துப் பிழை இருந்தால் திருத்துங்கள், விஷயத்தைத் திருத்த வேண்டாம். மூத்தவளே, நீ முதல் நற்கருணை வாங்கிய புதுநன்மைக்கு உன் ஞானத்தகப்பன் ஏன் வரவில்லை, மூன்று வருடமாக எங்கள் படலையை ஏன் திறக்கவில்லை என்று நீ அம்மாவிடம் கேட்டாய். என்னிடம் கேட்கவில்லை. அந்தக் கதையும் இதுதான்.

இடம்பெயர்ந்து போயிருந்த நாங்கள் தொண்ணூற்றாறில் ஊர்காவற்றுறைக்குத் திரும்பி வந்தபோது கோயில் ஆர்மோனியத்தைக் கறையான் அரித்திருந்தது. பல கட்டைகள் ஊமை. பாடகர் குழுவுக்கு வாசிக்க வேறு ஆளில்லை என்பதால் என்னை இருத்தினார்கள். ஊமைச் சுரம் வரும் இடத்தில் என்ன செய்வது? கையால் பெட்டியின் பக்கப் பலகையில் தட்டினேன். துருத்தியைப் பாதி இழுத்து விட்டு அது மூச்சுவிடும் சத்தத்தை நிரப்பினேன். பூசை முடிந்ததும் சுவாமியார், "என்ன தம்பி, தேவாராதனை நேரம் தச்சுவேலையோ?" என்று கேட்டார். ஆனால் அடுத்த ஞாயிறும் அப்படியே வாசிக்கச் சொன்னார். என் இசைப்படிப்பு அவ்வளவுதான். இல்லாத சுரத்துக்குக் கிடைக்கிற சத்தம்.

மற்ற நாட்களில் உன் ஞானத்தகப்பனின் படகில் ஆளாகப் போனேன். ஒரு கோயில், பள்ளிக்கூடத்தில் இருந்து படித்தது ஒரு வாங்கு, ஒரு வயது. நாங்கள் ஒருவரை ஒருவர் 'நீ' என்றும் 'மச்சான்' என்றும்தான் கூப்பிட்டோம். இதை ஞாபகத்தில் வைத்திருங்கள்.

இரண்டாயிரத்து இரண்டில் சண்டை நின்று பாதை திறந்த பிறகு மண்கும்பான் கடற்கரைக்கு ஒரு வான் வண்டி வந்தது. கொழும்பிலிருந்து ஒருவர் தொலைக்காட்சி நாடகம் எடுக்க வந்திருக்கிறார் என்றார்கள். ஊரில் ஒருவரும் நம்பவில்லை. ஞானத்தகப்பன் ஒரு நாள் முழுக்கத் தூர நின்று பார்த்துவிட்டு வந்தார்.

"மச்சான், கமராக்காரன் எண்டால் கடலைப் பாக்கவேணும். இவன் ஏன் ஆமி முகாம் பக்கம் பாக்கிறான்?"

"அங்காலதான் வெயில் இறங்குது. வெளிச்சத்தைப் பாக்கிறானாக்கும்."

"வெளிச்சம் பாக்கிறவன் தொப்பி போடுவானே?"

சுவாமியார்தான் என்னை அந்த இயக்குநரிடம் அனுப்பினார். இளம் ஆள். மரியாதையாகப் பேசினார். "அண்ணை, எனக்கு வயலினும் வேண்டாம், தபேலாவும் வேண்டாம். இந்த இடத்தின்ர சத்தம்தான் எனக்கு இசை" என்றார். வயலினுக்கு வசதியில்லாததை வடிவாகச் சொல்கிறார் என்றுதான் நினைத்தேன். பிறகு தெரிந்தது, இரண்டும் மெய். தன்னிடமிருந்த சின்ன ரேப் றெக்கோடர் ஒன்றை என் கையில் தந்துவிட்டுப் போனார். வீட்டுக்குக் கொண்டுவந்து பின்பக்கத் திருகாணிகளைக் கழற்றி, உள்ளே வேறு ஏதாவது வைத்திருக்கிறாரா என்று பார்த்துவிட்டுத்தான் தொட்டேன்.

முதல் நாளே பிழை விட்டேன். நாரந்தனைப் பக்கம் ஓர் அக்காவின் வீட்டில் கிணற்றுக் கப்பி அழுகிற மாதிரிச் சத்தம் போடும். படலையில் நின்று, "அக்கா, பதிவு செய்ய வந்தனான்" என்றேன். இயக்குநர் அந்தச் சொல்லைத்தான் சொல்லித் தந்திருந்தார், ஒலிப்பதிவு என்று. அக்கா உள்ளே போனா. கதிரை ஒன்று வந்தது. குடும்பக் காட் வந்தது. எல்லாருடைய ஐசி அடையாள அட்டையும் வந்தது. மாமியாரை நித்திரையால் எழுப்பி முற்றத்தில் நிறுத்தினா. வரிசையாக நின்றார்கள்.

"ஆறு பேர். ஒராள் கனடாவில. போன மாசமும் முகாமால வந்து பதிஞ்சவை, அண்ணை. திருப்பியும் ஏன்?"

"ஐயோ அக்கா, ஆக்களைப் பதிய வரேல்ல. கப்பியைப் பதிய வந்தனான்."

அக்கா என்னை மேலும் கீழும் பார்த்தா. ஆட்களைப் பதிந்து முடித்து இப்போது கிணற்றுக் கப்பியையும் பதியத் தொடங்கிவிட்டார்கள் என்றுதான் அவ நினைத்திருக்க வேண்டும். "கப்பி எங்கட சொந்தக் கப்பி. மாமா காசு குடுத்து வேண்டினது" என்றா.

அந்த நாளிலிருந்து 'பதிவு' என்ற சொல்லை விட்டேன். 'சத்தம் பிடிக்க வந்தனான்' என்று சொல்லிப் பார்த்தேன். அது அதைவிடக் கேடு. பிடிக்கிறது என்றால் இங்கே வேறு அர்த்தம். கடைசியில் 'சத்தம் எடுக்க' என்று சொல்லி ஒப்பேற்றினேன். ஊர் எனக்குச் சத்தக்காரன் என்று பேர் வைத்தது.

அந்த நாடகத்துக்குக் கப்பியின் அழுகையை எடுத்து, நாடா சுற்றும்போது பெருவிரலால் மெல்ல அமத்தி வேகத்தைக் குறைத்தேன். சத்தம் தடித்து ஒரு பெரிய மிருகத்தின் குரல் மாதிரி வந்தது. அதற்குக் கீழே ஆர்மோனியத்தின் ஒரே ஒரு சுரம். அவ்வளவுதான் இசை. ஒளிபரப்பானபோது கடைசியில் என் பேர் பிழையான எழுத்தோடு ஓடி மறைந்தது. பிறகு வேறு இரண்டு இயக்குநர்களும் இசை கேட்டார்கள். ஒருவர் ரெலிபோனில், "பயம் வாற மாதிரி ஏதும் இருக்கோ அண்ணை?" என்று கேட்டார். இங்கே அதற்குப் பஞ்சமா? காய்ந்த பனையோலையைச் சிரட்டையால் உரசி அனுப்பினேன்.

இரண்டாயிரத்து ஐந்தில் முதல் இயக்குநர் திரும்ப வந்தார். ஒரு மீன்பிடிக் கிராமத்தைப் பற்றிய தொடர் எடுக்கிறார், தொடக்க இசை வேண்டும் என்றார். அப்போதுதான் எனக்கு எஞ்சின் யோசனை வந்தது. எங்கள் கரையில் எந்த வீட்டுப் பெண்ணைக் கேட்டாலும் சொல்லுவா, கரைக்கு வருகிற படகு யாருடையது என்று. எஞ்சின் சத்தம் கேட்டதும்தான் தேத்தண்ணிக் கேத்தலை அடுப்பில் வைப்பார்கள். ஒவ்வோர் எஞ்சினுக்கும் ஒரு குரல். ஞானத்தகப்பனின் எஞ்சின் வேகம் குறையும்போது ஒரு தட்டு விட்டு, விக்கல் எடுத்து, மறுபடி ஓடும்.

பின்னேரங்களில் கரையில் நின்று பதினொரு படகுகளின் எஞ்சினை எடுத்தேன். ஞானத்தகப்பன் பக்கத்தில் நின்று குழப்பிக்கொண்டிருந்தார்.

"ஏன்டா எல்லாற்றையும் எடுக்கிறாய்? என்ரயை மட்டும் எடு. இதுதான் பாடும்."

"உன்ர பாடேல்ல மச்சான், விக்குது. தண்ணி குடு."

"மனுசனுக்குத் தண்ணி குடுத்தால் விக்கல் நிக்கும். எஞ்சினுக்குக் குடுத்தால் எஞ்சினே நிண்டிடும், விசரா."

வீட்டுக்கு வந்து கசெற் பெட்டிக்குள் இருக்கும் அட்டையில் ஒன்று முதல் பதினொன்று வரை இலக்கம் போட்டு, ஒவ்வொன்றுக்கும் நேரே படகுக்காரரின் பேரை எழுதினேன். கசெற்றின் மேலே ஒட்டுகிற தாளிலும், முக்கியமானது என்பதால், ஞானத்தகப்பனின் பேரை மட்டும் முழுப்பேராகப் பெரிதாக எழுதினேன். எதையும் முழுப்பேரோடு, எழுத்து விளங்க எழுத வேண்டும் என்று பள்ளிக்கூடத்தில் படித்ததுதான். வேறு எந்த எண்ணமும் அப்போது எனக்கு இல்லை. இதை நீங்கள் நம்ப வேண்டும்.

இரவல் வாங்கிய இன்னொரு றெக்கோடரையும் சேர்த்து, இரண்டையும் எதிரெதிரே வைத்துப் பதினொரு எஞ்சினையும் ஒன்றின்மேல் ஒன்றாக ஏற்றி இசை செய்தேன். அந்த விக்கல்தான் தாளம். செய்து முடித்த கசெற்றையும் பேர் எழுதிய மூலக் கசெற்றையும் ஒரு பையில் போட்டு, கொழும்புக்கு அனுப்ப யாழ்ப்பாணம் போகும் பஸ்ஸில் ஏறினேன். சோதனைச் சாவடியில் என்னை இறக்கினார்கள். ஒரு சின்ன வயதுச் சிப்பாய் பையைத் திறந்தான். கொச்சைத் தமிழில் கேட்டான்.

"இது என்ன?"

"பாட்டு, ஐயா."

அவர்களிடம் ஒரு றேடியோப் பெட்டி இருந்தது. மூலக் கசெற்றைப் போட்டார்கள். எஞ்சின் உறுமியது. அடுத்த எஞ்சின் உறுமியது.

"பாட்டு எங்கே?"

"இதுதான் பாட்டு."

"இது பாட்டு இல்லை. இது போட்."

பஸ்ஸுக்குள் இருந்தவர்கள் சிரித்தார்கள். எனக்கும் சிரிப்பு வந்தது. அப்போது உள்ளேயிருந்து சேட்டும் காற்சட்டையும் போட்ட ஒருவர் வந்தார். சீருடை இல்லை. அட்டையை எடுத்து, தமிழை எழுத்துக்கு எழுத்து விரல் வைத்து, உதடு அசையாமல் வாசித்தார். பதினொரு பேரையும் வாசித்து முடிக்கும் வரை தலையை நிமிர்த்தவில்லை. என் சிரிப்பு நின்றுவிட்டது. செய்து முடித்த கசெற்றைத் தந்தார்கள். மூலக் கசெற்றை மூன்று நாள் கழித்து வந்து எடுக்கச் சொன்னார்கள்.

மூன்றாம் நாள் எடுத்தேன். ஒரு கீறல் இல்லை. ஆனால் சாவடியில் நாடா நடுவில் நின்றபோதுதான் அதை வெளியே எடுத்தார்கள், என் கண்ணால் பார்த்தேன். கையில் தந்தபோது தொடக்கத்துக்குச் சுற்றியிருந்தது. யாரோ கடைசி வரை கேட்டு, ஒழுங்காகத் திருப்பிச் சுற்றி வைத்திருக்கிறார்கள். பிரதி எடுத்தார்களா? தெரியாது. இன்றைக்கும் தெரியாது. வீட்டில் நான் ஒன்றும் சொல்லவில்லை.

தொடர் ஒளிபரப்பான பின்னேரம் எங்கள் வீட்டில் இருக்க இடமில்லை. சின்னவன் ரீவிக்கு முன்னால் நிலத்தில் இருந்தான். இசை தொடங்கியதும் ஒருவர் எழும்பி, "அட, உது என்ரயெல்லே!" என்றார். "போடா, உது என்ர. உன்ர உப்பிடி இருமாது." விக்கல் வந்ததும் வீடே கத்தியது. ஞானத்தகப்பன் தேத்தண்ணிக் கோப்பையை உயர்த்திக்கொண்டு, "கண்டியளோ, நாடு முழுக்க என்ர எஞ்சின் விக்குது!" என்றார். என் வாழ்க்கையில் இசையமைப்பாளன் என்ற சொல்லை நான் எனக்குப் பொருத்திப் பார்த்தது அந்த ஒரு பின்னேரம்தான்.

அடுத்த வருடம் மறுபடி சண்டை தொடங்கி நிலைமை மாறியது. கடலுக்குப் போக முகாமில் பாஸ் எடுக்க வேண்டும். போக ஒரு நேரம், வர ஒரு நேரம். அதற்குப் பிறகு கடலில் எந்தப் படகும் இருக்கக்கூடாது. ஒரு நாள் ஞானத்தகப்பனின் வலை கடலுக்குள் கற்பாரில் சிக்கி நின்றுவிட்டது. வலையை விட்டுவிட்டு வந்தால் அதோடு தொழில் முடிந்தது. எனக்கு அன்று காய்ச்சல். பொழுதுபட்ட மசண்டை இருட்டில் அவர் தனியாக, விளக்கில்லாமல் போய், வலையை எடுத்துக்கொண்டு வந்துவிட்டார். ஒருவரும் காணவில்லை என்றுதான் நினைத்தார். விடிய முகாமிலிருந்து வந்தார்கள். வேறு எந்த வீட்டிலும் விசாரிக்கவில்லை. நேரே அவருடைய வீட்டுக்குப் போனார்கள். எஞ்சினைக் கழற்றிக்கொண்டு போனார்கள். அவரை விட்டது பதினொரு நாளைக்குப் பிறகு.

விளக்கில்லாத படகு. முகம் தெரியாத இருட்டு. யாருடைய படகு என்று எப்படித் தெரிந்தது? சத்தம்தான் இருந்தது. அதைக் கிணற்றடியில் யாரோ சொன்னார்கள். "எங்களுக்கு ரீவியில கேட்டே தெரியுது. அவங்களுக்குத் தெரியாதே?" மற்றவ கேட்டா, "ரீவியில பேர் சொல்லேல்லையே. பேரை ஆர் குடுத்தது?"

பேர் எழுதிய அட்டை இருப்பது ஊரில் எனக்கு மட்டும்தான் தெரியும்.

நான் கிட்டப் போனால் கதை நிற்கும். கடையில் நான் நின்றால் மற்றவர்கள் காலநிலையைப் பற்றிப் பேசுவார்கள். சத்தக்காரன் என்ற பேர் போய்ப் பதிவுக்காரன் என்ற பேர் வந்தது. நான் மட்டும் சும்மா இருந்தேனா? நானும் ஒவ்வொருவராகச் சந்தேகப்பட்டேன். ஐஸ் கொண்டு வருகிறவர், முகாமுக்கு மரக்கறி கொடுக்கிறவர், அந்த இயக்குநர், கடைசியில் ஒருநாள் உங்கள் அம்மாவின் தம்பியைக்கூட. யாராவது ஒருவர் சொல்லியிருக்க வேண்டும் என்று ஆசைப்பட்டேன். ஏனென்றால் ஒருவரும் சொல்லவில்லை என்றால் சொன்னது என் கையெழுத்து.

ஞானத்தகப்பன் விடுபட்டு வந்த மறுநாள் பார்க்கப் போனேன். படியில் நின்றார். உள்ளே வரச் சொல்லவில்லை.

"உமக்கு இனி என்ர படகில வேலை இல்லை. எஞ்சினும் இல்லை."

'உமக்கு' என்றார். இருபது வருடத்தில் என்னை அவர் அப்படிக் கூப்பிட்டதில்லை. ஏசியிருந்தால் பதில் சொல்லியிருப்பேன். மரியாதைக்கு என்ன பதில் சொல்வது? அட்டையைப் பற்றிச் சொல்லத்தான் போனேன். சொல்லாமல் திரும்பிவிட்டேன். மூத்தவளே, உன் புதுநன்மைக்கு அழைப்புச் சொல்ல அம்மா போனபோது, "வரப் பாக்கிறம்" என்றாராம். அன்று கோயிலில் உன் தோளில் கை வைத்து நின்றது உன் மாமா. அது ஞானத்தகப்பன் நிற்க வேண்டிய இடம்.

அந்த மூன்று வருடமும் நான் இசையமைப்பாளர் இல்லை. இயக்குநர் இரண்டு தரம் ரெலிபோன் எடுத்தார், ஏலாது என்றேன். றெக்கோடரைச் சீலையில் சுற்றி அலுமாரிக்கு மேலே போட்டேன். வேறொருவரின் படகில் ஆளாகப் போனேன். மூத்தவள் படிவத்தில் எழுதியது அந்தத் தகப்பனைத்தான்.

இந்த வருடம் சண்டை முடிந்துவிட்டது என்றார்கள். கொஞ்ச மாதம் கழித்து இயக்குநர் மறுபடியும் எடுத்தார். படம் செய்கிறாராம். அந்த எஞ்சின் இசைதான் வேண்டுமாம், மூலக் கசெற்றோடு. நான் யோசித்துச் சொல்கிறேன் என்றேன். அது என் சத்தமில்லையே, கேட்டுத்தான் கொடுக்க வேண்டும். போன சனிக்கிழமை காலை நீங்கள் மறைக்கல்விக்குப் போன பிறகு, றெக்கோடரையும் கசெற்றையும் எடுத்துக்கொண்டு கரைக்குப் போனேன். ஞானத்தகப்பன் வள்ளத்தின் நிழலில் இருந்து கிழிந்த வலையைப் பொத்திக்கொண்டிருந்தார். எதிரே இருந்தேன். நிமிரவில்லை.

எல்லாவற்றையும் சொன்னேன். அட்டை, பதினொரு பேர், மேலே ஒட்டிய தாள், சாவடி, உதடு அசையாமல் வாசித்த ஆள், திருப்பிச் சுற்றியிருந்த நாடா. சொல்லி முடியும் வரை அவருடைய வலை ஊசி நிற்கவில்லை. பிறகு றெக்கோடரைப் பார்த்தார்.

"சத்தம் எடுக்கிற சிவப்புப் பொத்தான் அமத்தியிருக்கோ?"

"இல்லை."

"காட்டு பாப்பம்."

காட்டினேன். தானே ஒருமுறை தொட்டுப் பார்த்தார்.

"சரி, போடு. என்ரயைப் போடு."

போட்டேன். எஞ்சின் உறுமி, வேகம் குறைந்து, ஒரு தட்டு விட்டு, விக்கியது. மூன்று வருடமாக அந்தக் கரையில் கேட்காத சத்தம். கரையோரத்து வீட்டுக் குசினிக்குள்ளிருந்து அவருடைய மனிசி எட்டிப் பார்த்தா. அவருடைய ஊசி நின்றுவிட்டது. முடியும் வரை கேட்டார்.

"இது என்ரயில்லை" என்றார்.

"இல்லை, இது..."

"என்ர எஞ்சின் எனக்குத் தெரியாதே? இது வேற ஆற்றையோ எஞ்சின். நீ பேரை மாறி எழுதிப்போட்டாய்." மறுபடி வலையைப் பிடித்தார். குனிந்தபடியே கேட்டார்: "சத்தத்தை எடுத்தனீ, சரி. என்ர பேரை ஏன்டா எழுதினனீ?"

படத்துக்குக் கொடுக்கட்டுமா என்று கேட்டேன். "என்ரயில்லாத சாமானுக்கு என்னட்டை ஏன் கேக்கிறாய்?" என்றார். பிறகு, "பெட்டை எப்பிடி, வளந்திட்டாளோ?" என்றார். ஓம் என்றேன்.

பிள்ளைகளே, அது அவருடைய எஞ்சின்தான். என் காது பிழைக்காது. அவருடைய மனிசி எட்டிப் பார்த்ததும் அதனால்தான். ஏன் இல்லை என்றார் என்று எனக்குத் தெரியவில்லை. என் தலையிலிருந்த பாரத்தை இறக்க நினைத்திருக்கலாம். பொத்தானைத் தொட்டுப் பார்த்த பிறகும் என்னில் சந்தேகம் தீராமல், அன்று இருட்டில் கடலுக்குப் போனதே தானில்லை என்று சொல்லி வைத்திருக்கலாம். இரண்டும் ஒன்றாகவே இருக்கலாம். ஆனால் 'உமக்கு' என்று தொடங்கியவர் மூன்று வருடத்துக்குப் பிறகு 'எழுதினனீ' என்று, 'நீ' போட்டுக் கேட்டார். அதை மட்டும் சரியாகக் கேட்டேன். மூத்தவளே, நாளைக்கு நீ போய் அவரைப் பார். படிவங்களை வெட்ட வேண்டாம், இருவரும் எழுதினபடியே கொடுங்கள்.

அன்று வீட்டுக்கு வந்தபோது ஒருவரும் இல்லை. குசினியில் ஒரு கோப்பையில் தண்ணீர் எடுத்து, கசெற்றின் மேல் ஒட்டியிருந்த தாளைப் பெருவிரலால் நனைத்தேன். அது ஊறும் வரை பார்த்துக்கொண்டிருந்தேன். பிறகு நகத்தால், பேரின் கடைசி எழுத்திலிருந்து, சுரண்டத் தொடங்கினேன்.